‘யெஸ் மேன்’ எதற்கும் தலையாட்டச் சொல்லும் படம் அல்ல

‘எல்லாவற்றுக்கும் சரி சொல்’ என்பதே ‘யெஸ் மேன்’ படத்தின் செய்தி என்று நான் வாசித்த ஒரு கட்டுரை சொல்கிறது. 2008இல் வந்த இந்த ஹாலிவுட் படத்தின் பின்பாதி அதற்கு நேர் எதிரானது. இனி எதற்கும் ‘சரி’ என்றே சொல்வதாக ஒரு குருவின் கூட்டத்தில் ஒப்பந்தம் செய்துகொள்ளும் வங்கி ஊழியன் கார்லின் கதை இது.

திரைக்கதை ஒவ்வொரு ‘சரி’க்கும் முதலில் நஷ்டத்தைத்தான் காட்டுகிறது. வீடற்ற ஒருவரைக் காரில் ஏற்றிக்கொள்கிறான் கார்ல். போன் பேட்டரி தீர்கிறது, பெட்ரோலும் தீர்கிறது. பெட்ரோல் வாங்க நடந்து போன இடத்தில்தான், பின்னால் காதலியாகும் ஆலிசனைச் சந்திக்கிறான். வங்கியில் அவன் வரிசையாக அனுமதிக்கும் சின்னச் சின்னக் கடன்கள்கூட, ஒழுங்காகத் திரும்பி வந்த பிறகே பதவி உயர்வாகின்றன.

ஆனால் எழுத்தின் அசல் சாமர்த்தியம் நெப்ராஸ்கா விமான நிலையக் காட்சி. கொரிய மொழி, விமானம் ஓட்டும் பயிற்சி, உர நிறுவனத்துக்குக் கொடுத்த கடன் என்று அதுவரை நாம் ரசித்த அதே பட்டியலை, இவன் தீவிரவாதியோ என்ற சந்தேகக் கண்ணோடு அதிகாரிகள் வாசிக்கிறார்கள். எதையும் தேர்ந்தெடுக்காதவனுடைய வாழ்க்கை வெளியிலிருந்து பார்த்தால் அப்படித்தான் தெரியும்! ஆலிசனுக்கும் அங்கேதான் நெஞ்சு குத்துகிறது: சேர்ந்து வாழலாமா என்று அவள் கேட்டதற்கு கார்ல் சொன்ன ‘சரி’ ஆசையா, ஒப்பந்தத்தின் கட்டாயமா? நகைச்சுவைப் படத்தில் இவ்வளவு கூர்மையான கேள்வி அபூர்வம்.

கடைசியில் ஆஸ்பத்திரியில், டெரன்ஸ் ஸ்டாம்ப் நடித்த அந்தக் குருவே, ஒப்பந்தம் என்று ஒன்றும் கிடையாது, மனதைத் திறக்க அது ஆரம்பப் பயிற்சி மட்டுமே என்கிறார். கட்டுரையில் விட்டுப்போனது இந்த ஆஸ்பத்திரிக் காட்சிதான்.