கொடை முடிவதற்குள் செமஸ்டர் முடிந்துவிடுகிறது

மேசை மேல் பதினான்கு ப்ராஜெக்ட் கிடக்கிறது. எல்லாம் ஸ்பைரல் பைண்டிங், மேலே பிளாஸ்டிக் அட்டை. அதில் ஒன்பதின் தலைப்பு ‘ஓர் ஆய்வு’ என்று முடிகிறது. ‘திருநெல்வேலி மாவட்டக் கோயில்கள் – ஓர் ஆய்வு.’ மாவட்டத்தையே நாற்பது பக்கத்தில் மடித்துச் சட்டைப்பையில் வைத்துவிட்டான் தம்பி. இரண்டு ப்ராஜெக்டில் நெல்லையப்பர் கோயில் ஆனித் தேரைப் பற்றிய பத்தி புள்ளி மாறாமல் ஒன்றாக இருக்கிறது. டிடிபி அடித்தது ஒரே கடையாக இருக்கும். இவர்களைத் திட்டத்தான் இந்தப் பதிவை ஆரம்பித்தேன். ஆனால் முதல் பக்கத்தைத் திருப்பினால் தலைப்புக்கு ஒப்புதல் கொடுத்த கையெழுத்து என்னுடையது. சரி, வேறு மாதிரி எழுதுகிறேன்.

நான் வரலாற்றுத் துறை. எங்கள் கல்லூரியில் சமயவியலுக்குத் தனித்துறை கிடையாது. மூன்றாம் ஆண்டில் ஒரு விருப்பப் பாடம், ஆறாவது செமஸ்டரில் ப்ராஜெக்ட், அவ்வளவுதான். காலேஜில் எதுக்கு சார் மதம் என்று கேட்கிறவர்கள் இரண்டு பக்கமும் உண்டு. பக்தி உள்ளவர்களுக்கு நாங்கள் சாமியைக் கூறு போடுகிறோம் என்று வருத்தம். பக்தி இல்லாதவர்களுக்கு நாங்கள் பஜனை நடத்துகிறோம் என்று சந்தேகம். சட்டம் இதில் தெளிவாகவே இருக்கிறது. அரசு நிதியில் முழுமையாக நடக்கும் கல்வி நிறுவனத்தில் மதபோதனை கூடாது என்கிறது அரசியல் சாசனத்தின் 28-ஆவது பிரிவு. மதங்களைப் பற்றிப் படிப்பது அந்தத் தடைக்குள் வராது என்று அருணா ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002-இல் சொல்லிவிட்டது. அதற்கு வெகு முன்னாலேயே, 1964–66 கோத்தாரி கல்விக் குழு இரண்டையும் பிரித்துப் பேசியிருக்கிறது. அமெரிக்காவில் 1963-இல் பள்ளிகளில் பைபிள் வாசிப்பைத் தடுத்த தீர்ப்பே, மதத்தைப் பாடமாகப் படிக்கலாம் என்றும் சொன்னது. அதற்குப் பிறகுதான் அங்கே அரசுப் பல்கலைக்கழகங்களில் இந்தத் துறை வேகமாக வளர்ந்தது. நம் பக்கம் துறை வளரவில்லை. ஆனால் படிப்பதற்கான சரக்கு தெருவுக்குத் தெரு கிடக்கிறது.

என் கட்சி இதுதான்: இருபது வயதுப் பிள்ளையால் ஆராய்ச்சி செய்ய முடியும். ஒரு கோயில், ஒரு கேள்வி என்று சின்னதாகக் கொடுத்தால் போதும். பி.ஏ. பிள்ளைக்கு ஆராய்ச்சி எதற்கு, நாலு புத்தகத்தைப் பார்த்து எழுதட்டும் என்று சொல்லும் சக ஆசிரியர்களோடு எனக்கு வருஷா வருஷம் சண்டை.

சில வருஷங்களுக்கு முன் ஒரு பையன் வந்தான். பேச்சுக் குறைவு. “எங்க தாத்தா கோமரத்தாடி சார்” என்றான். கோமரத்தாடி என்றால் சாமியாடி. சுடலைமாடன் கோயில். தலைப்பு ‘சுடலைமாடன் வழிபாடு – ஓர் ஆய்வு’ என்று எழுதிக்கொண்டு வந்திருந்தான். அதை அடித்துவிட்டு, உனக்கு நிஜமாகவே தெரியாதது என்ன என்று கேட்டேன். ரொம்ப நேரம் யோசித்தான். அப்புறம், “வில்லுப்பாட்டுல கதை எந்த இடத்துக்கு வரும்போது தாத்தாவுக்குச் சாமி வருதுன்னு எனக்குத் தெரியாது சார். சின்னப் பிள்ளையில அந்த நேரம் தூங்கியிருப்பேன்” என்றான். இதைவிட நல்ல கேள்வியை எந்த முனைவர் பட்ட ஆய்வேட்டிலும் நான் பார்த்ததில்லை.

எங்கள் பக்கத்தில் ஊர்ச்சாமிக்கு எடுக்கிற திருவிழாதான் கொடை. அந்த ராத்திரி வில்லுக்குப் பக்கத்தில் நோட்டும் கைக்கடிகாரமுமாக உட்கார்ந்தான். கைலாயத்தில் மாடன் பிறக்கிற இடத்தில் வரும் என்று எதிர்பார்த்திருந்தான்; வரவில்லை. நள்ளிரவு தாண்டி, கதை மயானத்துக்கு வந்த பிறகுதான் தாத்தாவின் தோள் நடுங்கியது. அவன் நோட்டில் இருந்த முக்கியமான வரி அடுத்ததுதான்: பாட்டுக்காரர் கண்ணை எடுக்காமல் தாத்தாவையே பார்த்துக்கொண்டிருந்தார், தோள் நடுங்கியதும் குடத்தின் அடி வேகமானது, பாட்டின் அந்த ஒரு அடியை மூன்று முறை திருப்பிப் பாடினார். கதை சாமியைக் கொண்டுவருகிறதா, சாமி கதையை நடத்துகிறதா என்று அவன் கேட்டு வைத்திருந்தான். விடை எழுதவில்லை. நானும் கேட்கவில்லை.

வைவாவில், அதாவது வாய்மொழித் தேர்வில், வெளியிலிருந்து வந்த தேர்வாளர் முதல் கேள்வியாகவே, “இதெல்லாம் மூடநம்பிக்கைதானே தம்பி?” என்றார். எனக்கு வயிற்றைக் கலக்கியது. பையன் நிதானமாக, “அந்தக் கேள்வியை நான் வைக்கல சார். எந்த அடியில வருதுன்னுதான் வச்சேன்” என்றான். வந்தவர் நல்ல மனிதர். சிரித்துவிட்டு, குடம் அடிப்பதைப் பற்றி அரை மணி நேரம் கேட்டார்.

வகுப்பில் நினியன் ஸ்மார்ட் நடத்துவேன். 1967-இல் லங்காஸ்டர் பல்கலைக்கழகத்தில் சமயவியல் துறையைத் தொடங்கியவர். மதத்துக்கு ஏழு பரிமாணங்கள் என்று அவர் ஒரு கணக்கு வைத்தார்: சடங்கு, அனுபவம், கதை, கோட்பாடு, அறநெறி, சமூக அமைப்பு, பொருள்கள். பிள்ளைகள் கட்டம் போட்டு நிரப்புவார்கள். கொடைக்குச் சடங்குக் கட்டம் வழிந்து அடுத்த தாளுக்குப் போகும்; பொருள் கட்டத்தில் பீடம், வல்லயம், பந்தம், மஞ்சணை. கோட்பாடு கட்டம் மட்டும் காலியாக இருக்கும். உடனே பதறிப்போய் எங்கிருந்தாவது நாலு வரி வேதாந்தம் எடுத்து ஒட்டிவிடுவார்கள். அந்தக் கட்டத்தைக் காலியாகவே விடச் சொல்வதுதான் என் வேலையில் பாதி. கோட்பாட்டை எழுதி வைக்காமலே தலைமுறை தலைமுறையாக ஒரு வழிபாடு நிற்கிறது என்றால், அந்த வெற்றுக் கட்டம்தானே கண்டுபிடிப்பு?

மதங்களை ஒப்பிட்டுப் படித்த அறிஞர் மாக்ஸ் முல்லர் 1870-இல், ஒரு மதத்தை மட்டும் அறிந்தவர் எதையும் அறியாதவர் என்றார். பெரிய மனிதர், சரியாகத்தான் இருக்கும். ஆனால் முப்பது வருஷமாக என் வகுப்பில் நான் பார்ப்பது, தன் மதத்தையே ஒரு தடவை கூட உற்றுப் பார்க்காத பிள்ளைகளைத்தான். அதனால் ஒப்பிடு என்று நான் முதலில் சொல்வதில்லை. சாத்தான்குளம் பக்கத்துப் பெண் ஒருத்தி, சி.எஸ்.ஐ. சபை. அவள் ஊர் அசனப் பண்டிகையை, அதாவது சபையார் கூடிச் சமைத்துச் சாப்பிடும் விருந்தைப் பற்றி எழுத வந்தாள். இதைக் கொடையோடு ஒப்பிட்டால் எழுத மாட்டேன் என்று முதல் நாளே சொல்லிவிட்டாள். ஒப்பிடவே வேண்டாம்மா, அரிசி யார் கொடுக்கிறார், கிடா யார் நேர்ந்து விடுகிறார், காய் யார் வெட்டுகிறார், முதல் பந்தி யாருக்கு, இதை மட்டும் எழுது என்றேன். அதே வருஷம் இன்னொரு பெண் தன் ஊர் அம்மன் கோயில் வரி நோட்டை வைத்து எழுதினாள். பெரியப்பா கோயில் கணக்கு பார்ப்பவர், 1987 முதல் நோட்டு பத்திரமாக இருந்தது. யார் வரி கொடுத்தார், யார் பம்பாய் போனார், யார் திரும்பி வந்து பாக்கியைச் சேர்த்துக் கட்டினார் எல்லாம் அதில் இருந்தது. வேதத்துக்குப் போன, அதாவது கிறிஸ்தவரான மூன்று வீடுகள், ‘சாமிக்கு இல்லை, ஊர்ப்பொதுவுக்கு’ என்று சொல்லித் தொடர்ந்து வரி கட்டியிருந்தன. இரண்டு பெண்களும் ஒரே நாளில் வகுப்பில் வாசித்தார்கள். வாசித்து முடித்ததும், இரண்டு பேருமே ‘நேர்ச்சை’ என்ற சொல்லை எழுதியிருப்பதைக் கடைசி பெஞ்சில் ஒருவன்தான் கவனித்தான். மேலப்பாளையம் பையன். “எங்க பாட்டியும் ஆத்தங்கரைப் பள்ளிவாசலுக்கு நேர்ச்சைன்னுதான் சொல்லும் சார்” என்றான். அவன் அண்ணனுக்குத் தர்கா போவது பிடிக்காது என்பது எனக்குத் தெரியும். அதைப் பற்றி அவன் பேசவில்லை, நானும் தூண்டவில்லை.

இவ்வளவு பெருமை பேசிவிட்டு என் தப்பையும் சொல்ல வேண்டும். ஒரு பையன் தன் ஊர்க் கோயிலில் முதல் மரியாதை யாருக்கு, எந்தத் தெரு ஆட்கள் எந்தப் படியோடு நின்றுகொள்கிறார்கள் என்று எழுதினான். அருமையான வேலை. ஊர்ப்பெயர், சாதிப்பெயர், ஆள் பெயர் எல்லாம் அப்படியே இருந்தது. கையெழுத்துப் போட்டேன். பைண்டிங் போட்ட இடத்தில் யாரோ ஒரு பிரதி எடுத்து, அது ஊருக்கே போய்ச் சேர்ந்துவிட்டது. பையனின் அப்பா ஊர்க்கூட்டத்தில் கையெடுத்துக் கும்பிட்டு நிற்க வேண்டியதாயிற்று. பையனுக்கு நான் நல்ல மதிப்பெண் போட்டிருந்தேன். அதை வைத்து அவர் என்ன செய்வார்?

மிஷனரி கால்டுவெல் 1841-இல் இடையன்குடிக்கு வந்தவர். 1849-இல், தான் வாழ்ந்த ஊர்களின் மக்களைப் பற்றி, அவர்கள் வழிபாட்டைப் ‘பேய் வழிபாடு’ என்று வைத்து ஒரு சிறு நூல் போட்டார். 1856-இல் வந்த ஒப்பிலக்கணத்துக்காக நாம் கொண்டாடுகிற அதே மனிதர்தான். அந்தச் சமூகத்தில் ஆங்கிலம் படித்தவர்கள் வந்து அதை வாசித்தபோது கொதித்தார்கள். இதை வருஷா வருஷம் வகுப்பில் சொல்லிக்கொண்டிருந்தவன் நான். எனக்கே உறைக்கவில்லை பாருங்கள். இப்போது ஊர்ப்பெயரை மாற்றித்தான் எழுத வேண்டும், சமர்ப்பிப்பதற்கு முன் யாரைப் பற்றி எழுதினாயோ அவருக்கு வாசித்துக் காட்ட வேண்டும் என்று வைத்திருக்கிறேன். இதனால் சில நல்ல விஷயங்கள் ப்ராஜெக்டிலிருந்து காணாமல் போகின்றன. போகட்டும்.

இன்னொரு கோளாறு நாட்காட்டி. எங்கள் செமஸ்டர் ஏப்ரலில் முடிகிறது. பங்குனி உத்திரத்துக்கு ஊரே சாஸ்தா கோயிலுக்குப் போகும்போது பிள்ளைகள் இங்கே வைவாவுக்கு நிற்கிறார்கள். கொடைகள் சூடு பிடிப்பது சித்திரை, வைகாசியில். அதற்குள் ப்ராஜெக்ட் பரணில் ஏறிவிடும். பிறகு இவர்கள் எதைப் பார்த்து எழுதுவார்கள்? பக்கத்து ப்ராஜெக்டைப் பார்த்துத்தான் எழுதுவார்கள். இரண்டாம் ஆண்டு முடியும்போதே கேள்வியைக் கொடுத்துவிட்டால் ஒரு வருஷக் கொடைகள் முழுதும் கையில் இருக்கும். மதிப்பெண்ணில் பாதியைக் களக்குறிப்பு நோட்டுக்குக் கொடுங்கள் என்றும் துறைக் கூட்டத்தில் சொல்லிப் பார்த்தேன். கறை படிந்த நோட்டை எப்படி சார் ஃபைல் பண்ணுவது என்று கேட்டார்கள்.

நேற்று ராத்திரி இரண்டாம் ஆண்டுப் பெண் ஒருத்தி போன் பண்ணினாள். “சார், எங்க ஊர்ல கால் நாட்டியாச்சு. அடுத்த வெள்ளிக்கிழமை கொடை. இப்பவே நோட்ஸ் எடுக்கட்டுமா?” கேள்வி என்ன என்றேன். “இன்னும் கிடைக்கல சார். ஆனா கணியான் கூத்துக்காரங்க எங்க வீட்டுலதான் தங்குவாங்க. மகுடப் பறையை வெயில்ல காய வைக்கும்போது பேச்சுக் கொடுக்கலாம்னு இருக்கேன்.” முதல் நாள் செல்போனை எடுக்காதே, நோட்டு மட்டும் கொண்டு போ என்றேன். சரி என்றவள் போனை வைக்கவில்லை. உள்ளே யாரிடமோ பேசிவிட்டு வந்தாள். “சார், அம்மா கேக்காங்க, சாப்பிட வருவீங்களான்னு. கிடாக்கறி.”

வருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன். அதற்குள் இந்தப் பதினான்கையும் திருத்தியாக வேண்டும்.