முரானுஃப் வீட்டுப் படிகள்

போலந்தின் தலைநகர் வார்சாவுக்கு யார் வந்தாலும் முதலில் ஓடுவது பழைய நகரத்துக்குத்தான். தங்களை எதிர்த்து 1944இல் நகர மக்கள் நடத்திய எழுச்சியை அடக்கிய நாஜிகள் தீ வைத்தும் வெடி வைத்தும் தகர்த்த நகரத்தை, பெல்லோட்டோவின் 18ஆம் நூற்றாண்டு ஓவியங்களையும் பழைய அளவுப் படங்களையும் பார்த்துப் பார்த்து மறுபடி கட்டினார்கள். 1980இல் யுனெஸ்கோ பட்டியலிலும் இடம்பிடித்தது. பெருமைக்குரியதுதான். ஆனால் போருக்குப் பிறகு மனிதர்கள் எப்படிக் குடியிருக்கிறார்கள் என்று பார்க்க வேண்டுமானால், இதே நகரத்தின் இன்னொரு வட்டாரமான முரானுஃபுக்கு வாருங்கள்.

நான் குடியிருப்பது அங்கேதான். தெருவிலிருந்து எங்கள் வாசலுக்குப் பதினோரு படி ஏற வேண்டும். முதல் குளிர்காலத்தில், உறைபனியில் காய்கறிப் பையோடு ஏறும்போதெல்லாம், இந்த மேட்டில் ஏன் கட்டினார்களோ என்று சலித்துக்கொண்டேன். மாடி வீட்டுப் பாட்டிதான் சொன்னார்: "அது மேடு இல்லையம்மா, இடிபாடு."

நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்திருந்த கெட்டோ இங்கேதான் இருந்தது. 1943இல் அந்தக் கெட்டோ மக்களின் எழுச்சியை ஒடுக்கியபின் இந்த வட்டாரத்தையே தரைமட்டமாக்கியிருக்கிறார்கள். அள்ளி மாளாத இடிபாடு. போர் முடிந்ததும் கட்டிடக் கலைஞர் போக்தான் லாஹெர்ட் அதன் மேலேயே வீடுகளை எழுப்பினார். நொறுக்கிய செங்கல்லை சிமெண்டோடு கலந்து வார்த்த கற்கள்தான் சுவர்கள். பூசாமல் அந்தச் சிவப்பு அப்படியே தெரியட்டும், அதுவே நினைவுச்சின்னம் என்று நினைத்தார். பார்க்கவே மனதைப் பிசைகிறது என்று எதிர்ப்பு வர, பூசிவிட்டார்கள்.

எனக்கு இதில் தீராத வருத்தம். கூரை கிடைத்ததே பெரிது என்று வந்தவர்களுக்குக் கொஞ்சம் வெளிச்சமான சுவர் வேண்டியிருந்திருக்கும், புரிகிறது. ஆனாலும் லாஹெர்ட் நினைத்ததுதான் சரி. இங்கே வாழ்ந்த யூதர்களில் திரும்பி வந்தவர்கள் மிகச் சிலரே. அடியில் புதைந்தவர்கள் எல்லோரையும் வெளியே எடுக்கவும் இல்லை. அவர்கள் மேல்தான் நாங்கள் சமைக்கிறோம், துணி காயப்போடுகிறோம். பனி விழுந்தால் பிள்ளைகள் அந்தச் சரிவில் சறுக்கி விளையாடுகிறார்கள். விளையாடட்டும், அது தப்பே இல்லை. என்ன மேட்டில் விளையாடுகிறோம் என்று தெரிந்து வளரட்டும். கெட்டோ எழுச்சி தொடங்கிய ஏப்ரல் 19 அன்று, அதன் நினைவாக ஊரெல்லாம் மஞ்சள் காகித டாஃபோடில் பூவைச் சட்டையில் குத்திக்கொள்கிறது. மறுநாள் கழற்றிவிடுகிறோம். சுவரை அப்படிக் கழற்ற முடியாது.

எங்கள் நிலவறையில் ஓரிடத்தில் பூச்சு உதிர்ந்திருக்கிறது. உள்ளே செங்கல் துண்டுகள். அவற்றுக்கு நடுவே நகத்தளவு நீல ஓடு, பளபளப்புக்கூடப் போகவில்லை. யார் வீட்டு அடுப்படியோ.

கோடையில் நிலவறைக்குப் பூச்சு வேலை வருகிறது. அந்த ஒரு முழத்தை மட்டும் விட்டுவிடச் சொல்லிக் குடியிருப்போர் கூட்டத்தில் கேட்டிருக்கிறேன். பாட்டியும் கை தூக்கினார்.