என்ன கமரா என்று கேட்பதற்கு முன்

கொழும்பில் ஆவணப்படம் எடுக்கப் புறப்படுகிறவர்கள் ஒளிப்பதிவாளரிடம் முதலில் கேட்பது, "தம்பி, உங்களிடம் என்ன கமரா இருக்கிறது?" அடுத்தது, "நாளுக்கு எவ்வளவு?" அதற்கடுத்தது, "ட்ரோன் இருக்கிறதா?" ட்ரோன் பறக்கவிடச் சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபையின் அனுமதி வேண்டும் என்பது பலருக்கு நினைவே இருப்பதில்லை, அது வேறு கதை. எதைப் பற்றிய படம், யாருடைய வீட்டுக்குள் நுழையப் போகிறோம், அந்த மனிதர்கள் என்ன நிலையில் இருக்கிறார்கள் என்பதெல்லாம் படப்பிடிப்பன்று காலையில், வான் புறப்பட்ட பிறகுதான் ஒளிப்பதிவாளரின் காதுக்கு வரும்.

வெள்ளவத்தையில் இருந்து இத்தகைய படங்களைத் தொகுப்பது என் தொழில். நாள் முழுவதும் மற்றவர்கள் எடுத்த காட்சிகளைப் பார்த்துக்கொண்டிருக்கும் எனக்கு இது பெரிய அநியாயமாகப் படுகிறது.

பிளாஸ்டிக் மணிகளை ஏற்றிவந்த எக்ஸ்பிரஸ் பேர்ள் கப்பல் 2021இல் எரிந்து மூழ்கிய பிறகு, நீர்கொழும்புப் பக்கத்து மீனவர் ஒருவரின் பேட்டி தொகுப்புக்கு வந்தது. நட்டஈடு பற்றிய கேள்விகளுக்கு அவர் எல்லோரும் சொல்லும் பதிலையே சொன்னார். சொல்லிச் சொல்லி அவருக்கே அலுத்துப்போன பதில். பேட்டி முடிந்து சட்டையில் குத்தியிருந்த மைக்கையும் கழற்றிவிட்டார்கள். ஒளிப்பதிவாளர் மட்டும் கமராவை நிறுத்தவில்லை. மீனவர் வலைக்கருகில் போய்க் குந்தினார். வலையில் ஒட்டிய பாசிக்குள்ளிருந்து வெள்ளைப் பிளாஸ்டிக் மணிகளை நகத்தால் கிளறிக் கிளறி எடுத்து, பழைய பால்மா டின் ஒன்றுக்குள் போடத் தொடங்கினார். ஃபோகஸ் அந்த விரல் நுனியை விட்டு அசையவில்லை. கமராவில் இருந்த சிறிய மைக்கில், டின்னில் மணி விழும் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரம் கழித்து அவர் தலையை நிமிர்த்தி, மீதி வலை எவ்வளவு தூரம் கிடக்கிறது என்று ஒருமுறை பார்த்தார். மறுபடியும் குனிந்துகொண்டார்.

படத்தின் உயிர் முழுவதும் அந்தக் காட்சியில்தான் இருந்தது. அதை எடுக்கச் சொல்லி யாரும் சொல்லவில்லை. இயக்குநர் அந்த நேரத்தில் அடுத்த வீட்டாரோடு பேசிக்கொண்டிருந்தார். படம் முடிந்து வந்தபோது நிதி கொடுத்தவர்களின் இலச்சினை பெரிதாக இருந்தது. ஒளிப்பதிவாளரின் பெயர் எங்கேயும் இல்லை.

பதினாறு மில்லிமீற்றர் பிலிம் காலத்தில் 400 அடிச் சுருள் ஒன்று ஏறத்தாழ 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். எப்போது பொத்தானை அழுத்துவது, எப்போது கையை எடுப்பது என்ற கணக்கு ஒளிப்பதிவாளரின் தலைக்குள் ஓடிக்கொண்டே இருக்கும். இப்போது மணிக்கணக்கில் பதியலாம் என்பதால் அந்தக் கணக்கே தேவையில்லை என்று நினைக்கிறார்கள். அந்தக் கணக்கில்லாத ஒருவர் பதிந்து அனுப்பும் மணிக்கணக்கான காட்சிகளில் ஒரு முழுக் காட்சியைத் தேடி எடுக்க நான் படும் பாடு எனக்குத்தான் தெரியும்.

இந்த நாட்டில் இதைச் சம்பளத்தோடு கற்றுக்கொள்ள ஓர் இடம் இருந்தது. 1948இல் தொடங்கிய அரசாங்கத் திரைப்படப் பிரிவில் ஆவணப்படம் எடுத்துப் பழகியவர்தான் ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக். இயக்குநர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸும் தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்தவும் அவரும் அங்கிருந்து வெளியேறி 1956இல் 'ரேகாவ' என்ற சிங்களப் படத்தைக் கொண்டுவந்தபோது, ஸ்டூடியோவை விட்டுக் கிராமத்து வெயிலுக்குள் கமராவை இறக்கும் துணிச்சல் அந்த அனுபவத்திலிருந்துதான் வந்தது என்று நான் நம்புகிறேன்.

நம் பிள்ளைகள் கற்றுக்கொள்வது கல்யாண வீடுகளிலும் சாமத்திய வீடுகளிலும். அதைக் குறைத்துப் பேசுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. தாலி கட்டும் நொடியை இரண்டாம் தடவை கட்டச் சொல்லி எடுக்க முடியாது. ஆவணப்படத்துக்கு அதைவிட நல்ல பயிற்சி எது? ஆனால் ஒரு மனிதர் பேசி முடித்த பிறகும் காத்திருக்க வேண்டும் என்பதை மண்டபம் கற்றுத்தராது. அதற்கு வேறு படங்கள் வேண்டும், ஆற அமரச் செய்ய நாட்கள் வேண்டும். லீசிங் தவணை அதற்கு விடுவதில்லை. 2022இல் 200 ரூபாவைச் சுற்றி இருந்த டொலர் சில மாதங்களில் 360ஐத் தொட்டபோது, லென்ஸ் வாங்கக் காசு சேர்த்து வைத்திருந்தவர்களின் கனவு பாதியாகிப் போனது. வாங்கியதைக் காப்பாற்றுவதும் எளிதில்லை. கடற்காற்றில் லென்சுக்குள் பூஞ்சணம் பிடிக்காமல் இருக்க, சிலிக்கா ஜெல் போட்ட காற்றுப்புகாப் பெட்டிக்குள் பிள்ளையைப் போல வைத்துப் பார்க்க வேண்டும். இவ்வளவையும் சுமந்துகொண்டு வருகிறவருக்கு, கமரா வாடகையும் கூலியும் சேர்த்து ஒரே தொகை.

வெளியுலகிலும் ஒளிப்பதிவாளருக்குப் பெரிய மரியாதை இருந்துவிடவில்லை. தென்துருவத்தில் அமெரிக்க ஆய்வுப்பயணி ரிச்சர்ட் பேர்டின் பயணத்தைப் படமாக்கிய ஜோசப் ரக்கர், வில்லார்ட் வான் டெர் வீர் இருவரும் 1930இல் ஒளிப்பதிவுக்கான ஒஸ்காரைப் பெற்றார்கள். அந்த விருதை வென்ற ஆவணப்படம் அது ஒன்றுதான். இருந்தாலும் கர்ஸ்டன் ஜோன்சன் என்ற அமெரிக்க ஒளிப்பதிவாளர் பல ஆண்டுகளாக மற்றவர்களின் படங்களுக்காகப் பல நாடுகளில் எடுத்த காட்சிகளை, அந்த இயக்குநர்களின் அனுமதியோடு தொகுத்து 2016இல் தன் சொந்தப் படமாக்கினார். இங்கே அப்படி ஒன்றை யாராலும் செய்ய முடியாது. பதிந்தவை யாவும் வாடிக்கையாளருக்கே சொந்தம் என்று ஒப்பந்தத்தில் எழுதி, வான் திரும்பி வந்த இரவே ஹார்ட் டிஸ்க்கை வாங்கிக்கொள்கிறார்கள். போருக்குப் பிந்திய ஆண்டுகளில் வன்னியில் எடுத்த காட்சிகள், 2022இல் காலிமுகத்திடல் போராட்டத்தில் எடுத்த காட்சிகள், எத்தனையோ அலுவலக அலுமாரிகளுக்குள் இப்படி முடங்கிக் கிடக்கின்றன. எடுத்தவர்களிடம் ஒரு பிரதிகூட இல்லை.

அடுத்த ஆண்டுக்கான திட்டங்களை எழுதிக்கொண்டிருக்கும் நண்பர்களிடம் ஒன்று கேட்கிறேன். படப்பிடிப்புக்கு முன்பே ஒளிப்பதிவாளரைக் கூட்டிக்கொண்டு போய், கமரா இல்லாமல் அந்த வீடுகளில் உட்கார வையுங்கள். அந்த நாளுக்கும் கூலி எழுதுங்கள். அவருடைய பெயரை இயக்குநரின் பெயருக்கு அடுத்துப் போடுங்கள். தான் எடுத்ததில் ஒரு பிரதியை வைத்திருக்கவும், படத்தில் வரும் மனிதர்களின் சம்மதத்தோடு பின்னர் பயன்படுத்தவும் அவருக்கு உரிமை உண்டு என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி சேருங்கள். அந்த வரியை எப்படி எழுதுவது என்று தெரியாவிட்டால் உட்பெட்டியில் கேளுங்கள், நான் எழுதித் தருகிறேன்.