லாபம் கூடியது சரி, மதிப்பு கூடியதா?

‘நிகர லாபம் 25 சதவீதம் வளர்ந்திருக்கிறது, ஆகவே நிறுவனத்தின் மதிப்பும் கூடிவிட்டது’ என்று ஒருவர் எழுதியிருக்கிறார். அந்த ‘ஆகவே’தான் இடிக்கிறது.

கடனே இல்லாத ஒரு நிறுவனத்தை எடுத்துக்கொள்வோம். முதலீடு 1000, லாபம் 120. பங்குதாரர்கள் எதிர்பார்க்கும் வருமானம் 10 சதவீதம், அதாவது 100. அதைக் கழித்தால் லாபத்தில் மிஞ்சும் உபரி 20. இப்போது அவர்களிடமே இன்னும் 500 வாங்கி, 6 சதவீதம் மட்டுமே தரும் புதிய ஆலையில் போடுகிறார்கள். லாபம் 150 ஆகிறது. அவர் சொல்லும் அதே 25 சதவீத வளர்ச்சி! ஆனால் 1500க்கு 10 சதவீதம் 150. உபரி பூஜ்யம். ஆண்டுதோறும் 30 ஈட்டும் ஆலை, 10 சதவீதக் கணக்கில் 300 தான் பெறும் (300க்கு 10 சதவீதம்தான் 30). 500 கொடுத்து 300 பெறுமானமுள்ள சொத்தை வாங்கியிருக்கிறார்கள்.

கடனுக்கான வட்டியை லாபநட்டக் கணக்கு கழித்துக் காட்டுகிறது. பங்குதாரர் பணத்துக்கான செலவை அது கழிப்பதே இல்லை. அதனால்தான் அந்தப் பணம் இலவசம் போலத் தோன்றுகிறது. பொருளாதார மதிப்புக் கூட்டல் என்ற அளவுகோல் கழிப்பது இதைத்தான். புதிய கண்டுபிடிப்பும் அல்ல, பொருளியல் அறிஞர் ஆல்ஃபிரட் மார்ஷல் 1890லேயே சொன்ன கருத்து.

எதிர்த்திசையிலும் பாருங்கள். புதிய ஆலை வாங்காத அதே பழைய நிறுவனம் நிலுவைகளை விரைவாக வசூலித்து, தேங்கிய சரக்கைக் குறைத்து, 200ஐ விடுவித்துப் பங்குதாரர்களிடமே திருப்பித் தருகிறது. லாபம் அசையவில்லை, அதே 120. முதலீடு 800 ஆகிவிட்டதால், பங்குதாரர் பணத்துக்கான செலவு மட்டும் 80 ஆகிறது, உபரி 40. இரட்டிப்பு! ‘வளர்ச்சியே இல்லை’ என்று அவர் ஒதுக்கிவிடும் ஆண்டு அது.