கட்டாத மாடிக்குக் கோட்டை மேல் பழி போடாதீர்கள்

வேலூர் டவுனுக்குள் ஏன் ஒரு பெரிய அடுக்குமாடிகூட வரவில்லை என்ற பேச்சு எங்கே எழுந்தாலும் கடைசியில் பழி கோட்டை மேல்தான் விழுகிறது. "தொல்லியல் துறை விடாது சார்" என்று ஒருவர் ஆரம்பிப்பார், மற்றவர்கள் தலையாட்டுவார்கள். போன வாரம்கூட எங்கள் வாட்ஸ்அப் குழுவில் இதே பேச்சு. எனக்கு இதில் உடன்பாடே இல்லை. பல பேருடைய பணம் இதில் மாட்டிக்கொண்டு இருப்பதால் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் சட்டம். பாதுகாக்கப்பட்ட நினைவுச் சின்னத்தின் எல்லையிலிருந்து 100 மீட்டர் வரை புதிய கட்டடம் கூடாது. அதற்கு அப்பால் இன்னொரு 200 மீட்டர் வரை அனுமதி வாங்கித்தான் கட்டலாம். நினைவுச் சின்னங்கள் பாதுகாப்புச் சட்டத்துக்கு 2010-ல் வந்த திருத்தம் சொல்வது இவ்வளவுதான். அகழிக்கு எதிரே சொந்த இடம் வைத்திருப்பவர்களுக்கு இது உண்மையான கஷ்டம், அதை நான் குறைத்துப் பேச மாட்டேன். ஆனால் 1806-ல் சிப்பாய்கள் ஆங்கிலேயருக்கு எதிராக எழுந்து நின்ற கோட்டை அது. 16-ஆம் நூற்றாண்டுக் கற்சுவர். அதைச் சுற்றி 300 மீட்டருக்குக் கட்டுப்பாடு வைப்பது அதிகம் என்று எனக்குத் தோன்றவில்லை. சத்துவாச்சாரி அந்த 300 மீட்டருக்குள் வருகிறதா? பாகாயம் வருகிறதா? காட்பாடி வருகிறதா? அங்கேயும் பேனரோடு நின்றுபோன மாடிகள் இருக்கின்றனவே, அவற்றை யார் தடுத்தார்கள்?

சிகாகோவில் நடந்ததைப் பாருங்கள். சிகாகோ ஆறு மிச்சிகன் ஏரியைத் தொடும் இடத்துக்குப் பக்கத்தில், நகரத்தின் மையப் பகுதியில், 2005-ல் ஒரு கோபுரம் அறிவித்தார்கள். பிறகு சிகாகோ ஸ்பையர் என்று பெயர் வைத்தார்கள். ஸ்பெயின் நாட்டுக் கட்டடக் கலைஞர் சாண்டியாகோ கலத்ராவா வரைந்தது. அடியிலிருந்து நுனி வரை திருகிக்கொண்டே மேலே போகிற வடிவம். 150 மாடி, 2,000 அடி உயரம், 1,194 வீடுகள். கட்டி முடித்திருந்தால் வட அமெரிக்காவிலேயே அதுதான் உயரமான கட்டடமாக இருந்திருக்கும். முதலில் எடுத்தவரால் பணம் திரட்ட முடியவில்லை. 2006-ல் அயர்லாந்தைச் சேர்ந்த ஒரு நிறுவனத்தின் கைக்கு மாறியது. 2007-ல் நகர மன்றம் ஒப்புதல் தந்தது, அதே ஆண்டு கோடையில் அஸ்திவார வேலை தொடங்கியது.

அங்கே பக்கத்தில் கோட்டை கிடையாது. தொல்லியல் துறைத் தடையும் கிடையாது. அனுமதி இருந்தது, நிலம் இருந்தது, உலகப் புகழ் பெற்ற கலைஞர் இருந்தார். 2008-ல் பொருளாதாரம் சரிந்ததும் வேலை நின்றது. கடன் கொடுத்திருந்த ஆங்கிலோ ஐரிஷ் வங்கியே ஆட்டம் கண்டு, 2009 ஜனவரியில் அயர்லாந்து அரசின் கைக்குப் போனது. வரைந்து கொடுத்த கலத்ராவாவே தனக்கு 1 கோடியே 10 லட்சம் டாலருக்கு மேல் பாக்கி என்று அந்தச் சொத்தின் மேல் உரிமை கோரினார். மிஞ்சியது ஒரு குழி. ஆழம் 76 அடி, நம் பக்கத்து விவசாயக் கிணறு போல. அகலம் மட்டும் 100 அடிக்கு மேல்! 2014-ல்தான் இடம் வேறு நிறுவனத்திடம் போனது. அங்கே இப்போது எழும்புவது வேறு கட்டடம், 72 மாடி. அந்த வேலை தொடங்கியது 2024-ல். பெரிய நகரத்தின் நட்டநடுவில், ஆற்றங்கரை நிலம், 16 வருடம் யாருக்கும் உதவாமல் கிடந்தது.

அங்கே கோபுரத்தைச் சாய்த்தது பணம் வந்த வழி. வீடு விற்றால்தான் மேற்கொண்டு கடன், கடன் வந்தால்தான் கட்டடம், கட்டடம் எழும்பினால்தான் வீடு விற்கும். இந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி விட்டாலும் எல்லாம் நின்றுவிடும். நம்ம ஊரில் நிலைமை இன்னும் மோசம். இங்கே பல பில்டர்களுக்கு முதலீடே வாங்குபவர் தரும் முன்பணம்தான். இந்த இடத்துக்கு வாங்கியதை முந்தைய இடத்தில் போடுவார்கள், இந்த இடத்துக்கு வேண்டியதை அடுத்த இடத்தில் வாங்குவார்கள்.

என் பெரியம்மா நர்ஸாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். ஆஸ்பத்திரிக்குப் பக்கத்திலேயே, லிஃப்ட் இருக்கிற வீடு என்று ஆசைப்பட்டு, ஓய்வுப் பணத்தில் பெரும் பகுதியை முன்பணமாகக் கொடுத்தார். கலர் கலராக அச்சடித்த வரைபடம் வந்தது. லெட்டர்பேடில் எழுதிய ரசீது வந்தது. மாடி வரவில்லை. அந்த அலுவலகத்தில் கேட்டபோது, "கோட்டை பிரச்சினைம்மா, அனுமதி இழுக்குது" என்றார்கள். அந்த மனை கோட்டையிலிருந்து 2 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கிறது. எனக்குக் கோபம் வந்தது அன்றைக்குத்தான். "வீடு வேணாம்பா, என் பணத்தை மட்டும் வாங்கிக் குடு" என்று பெரியம்மா கேட்கிறார்.

சரி, சட்டம் நம் பக்கம் இருக்கிறதா என்றால், இருக்கிறது. 2016-ல் வந்த ரியல் எஸ்டேட் சட்டம், ரெரா. 500 சதுர மீட்டருக்கு மேற்பட்ட மனை என்றாலோ, 8 வீட்டுக்கு மேல் என்றாலோ, பதிவு எண் வாங்காமல் விளம்பரம்கூடச் செய்யக் கூடாது. ஒப்பந்தத்தைப் பதிவு செய்யாமல் வீட்டு விலையில் 10 சதவீதத்துக்கு மேல் வாங்கக் கூடாது. வாங்குகிற பணத்தில் 70 சதவீதத்தைத் தனிக் கணக்கில் வைத்து, அதே கட்டடத்தின் நிலத்துக்கும் கட்டுமானத்துக்கும் மட்டுமே செலவு செய்ய வேண்டும். சொன்ன தேதியில் வீடு தரவில்லை என்றால், விலகிக்கொள்பவருக்கு வட்டியோடு முழுப் பணமும் திரும்பத் தர வேண்டும். இவ்வளவும் எழுத்தில் இருக்கும்போது நம் ஊரில் இன்னும் மக்கள் லெட்டர்பேடு ரசீதை நம்புகிறார்கள் என்பதுதான் என்னை வருத்துகிறது.

உயரமான கட்டடமே வேண்டாம் என்று நான் சொல்வதாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். வேலூர் டவுனுக்கு அது தேவை. சிஎம்சி ஆஸ்பத்திரியைச் சுற்றி காந்தி ரோட்டில் ஒரு நடை போய்ப் பாருங்கள். வங்காளத்திலிருந்தும் வடகிழக்கிலிருந்தும் வந்தவர்கள் வாரக்கணக்கில், சில பேர் மாதக்கணக்கில், காற்று வராத லாட்ஜ் அறைகளில் தங்கிச் சமைத்துச் சாப்பிட்டு வைத்தியம் பார்க்கிறார்கள். கீழ்த்தளத்தில் கடை, மேலே சமையலறையோடு நியாயமான வாடகைக்கு அறைகள், சக்கர நாற்காலி நுழையும் லிஃப்ட் என்று பத்து மாடியில் ஒன்று கட்டினால்கூட இந்த ஊருக்குப் பெரிய உபகாரம். அதற்குச் சாலை அகலம் வேண்டும், தண்ணீர் வேண்டும், தீயணைப்பு வண்டி சுற்றி வர இடம் வேண்டும். லாங் பஜார் சந்துகளில் முடியாதுதான். ஆற்காடு ரோட்டின் அகலமான பகுதிகளில் யோசிக்கலாம்.

அப்படி ஒரு திட்டம் வந்தால் முதல் ஆளாக வரவேற்பேன். ஆனால் வரைபடத்தைப் பார்த்துக் கை தட்டுவதற்கு முன் பதிவு எண்ணைக் கேட்பேன், தனிக் கணக்கு எந்த வங்கியில் என்று கேட்பேன், என் பெயரில் எழுதப் போகும் மனைப் பங்கு எத்தனை சதுர அடி என்று கேட்பேன். நீங்களும் கேளுங்கள். கேட்டால் முகம் சுளிக்கிற பில்டரிடம் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

பெரியம்மாவின் புகார் மனு தயாராகிக்கொண்டு இருக்கிறது. ரெரா அலுவலகம் சென்னை எழும்பூரில். வேலூர், காட்பாடி, ராணிப்பேட்டைப் பக்கம் இதே மாதிரி கட்டாத மாடிக்கு முன்பணம் கொடுத்துக் காத்திருப்பவர்கள் இருந்தால் ரசீது, வங்கிப் பரிமாற்ற விவரம், விளம்பரத் தாள் எதையும் தூக்கிப் போடாமல் எடுத்து வையுங்கள். எனக்கு இன்பாக்ஸில் எழுதுங்கள், பெயரைக் கமெண்டில் போட வேண்டாம். சேர்ந்தே போகலாம்.