தபூலேயில் இருந்து ஒரு பிடி கோதுமையை எடுப்பது எப்படி

தபூலே என்பது லெபனான்காரர்களின் பச்சை இலைச் சாலட், குளூட்டன் என்பது கோதுமையில் இருக்கும் புரதம். 'குளூட்டன் இல்லாத தபூலே' என்று இணையத்தில் தேடிப் பாருங்கள். வருகிற படங்களில் பெரும்பாலும் ஒரு குவியல் கினோவா என்ற தானியம் இருக்கும், அதன் மேல் கறிவேப்பிலை தாளித்துக் கொட்டின மாதிரி அங்கங்கே நாலு பச்சை இலை தெரியும். இதைத் தபூலே என்று ஒரு லெபனான்காரரிடம் நீட்டினால் மரியாதைக்கு ஒரு வாய் சாப்பிடுவார், பிறகு பேச்சை மாற்றிவிடுவார். இந்த விஷயத்தில் எனக்கு ரொம்ப நாளாக ஒரு கோபம் இருக்கிறது. இன்று வெள்ளிக்கிழமை, வீட்டில் யாரும் இல்லை, எழுதிவிடுகிறேன்.

ஷார்ஜாவுக்கு வந்து 11 வருடம் ஆகிறது. மகளுக்கு 7 வயதில் சீலியாக் என்று தெரிந்தது. அதற்கு முன் இரண்டு வருடம் வயிறு உப்பல், ரத்தசோகை, வகுப்பிலேயே குள்ளமான பிள்ளை, 'சரியாச் சாப்பிட மாட்டேங்கறா' என்று ஊரிலிருந்து வரும் அறிவுரை. ரத்தப் பரிசோதனை, பிறகு எண்டோஸ்கோபி. குடலின் உட்சுவரில் இருக்கும் குடலுறிஞ்சிகள் தேய்ந்து தட்டையாகி இருந்தன. இது ஒவ்வாமை இல்லை. கோதுமை, பார்லி, ரை இவற்றில் இருக்கும் குளூட்டனைக் கண்டதும் உடம்பு தன் குடலையே தாக்கிக்கொள்கிற நோய். மருந்து கிடையாது, அந்தத் தானியங்களை ஆயுளுக்கும் தொடாமல் இருப்பதுதான் வைத்தியம். இதைக் கண்டுபிடித்துச் சொன்னவர் வில்லெம் டிக்கே என்ற நெதர்லாந்துக் குழந்தை மருத்துவர். 1944-45 குளிர்காலப் பஞ்சத்தில் அங்கே ரொட்டி கிடைக்காமல் போனது, ரொட்டி இல்லாத அந்த நாட்களில் இந்த நோயுள்ள பிள்ளைகள் தேறினார்கள் என்று கதை சொல்வார்கள். 1950-ல் அவருடைய ஆய்வேடு வந்தது. அதற்கு முன் இந்தப் பிள்ளைகளுக்கு வாழைப்பழமாகக் கொடுத்துக்கொண்டிருந்தார்களாம்.

சரி, தபூலேவுக்கு வருகிறேன். வளைகுடாவில் எந்த விருந்துக்குப் போனாலும் மேசையில் முதலில் வந்து உட்கார்வது ஹம்முஸ் (கொண்டைக்கடலை விழுது), முத்தப்பல் (சுட்ட கத்தரிக்காய் விழுது), ஃபத்தூஷ் (காய்கறி சாலட்), தபூலே. ஹம்முஸும் முத்தப்பலும் அவளுக்கு ஆகும், ஆனால் தொட்டுக்கொள்ள குபூஸ் என்ற அரபு ரொட்டி கிடையாது, வெள்ளரிக்காய்தான். ஃபத்தூஷில் ரொட்டித் துண்டு. தபூலேயில் புர்குல், அதாவது வேகவைத்துக் காயவைத்து உடைத்த கோதுமை. 'ஒரு பிடிதானே கிடக்கு, பொறுக்கிட்டுக் குடுங்க' என்று நல்ல மனசோடு சொல்பவர்கள் உண்டு. ஒரு கணக்குச் சொல்கிறேன். சீலியாக் உள்ளவருக்கு நாள் ஒன்றுக்குச் சுமார் 10 மில்லிகிராம் குளூட்டன் வரைதான் பாதுகாப்பு என்று பொதுவாகக் கொள்கிறார்கள். ஒரே ஒரு தேக்கரண்டி புர்குலில் அதைப் போல முப்பது, நாற்பது மடங்கு இருக்கும். பொறுக்கி எடுத்தாலும் அது ஊறின சாறு இலையெல்லாம் ஒட்டியிருக்கும். ஒரு உணவகத்தில், பெயர் வேண்டாம், 'கோதுமை இல்லாமல் வேண்டும்' என்று கேட்டதற்கு ரொம்பப் பெருமையாக கூஸ்கூஸ் போட்ட தபூலேவைக் கொண்டுவந்து வைத்தார் பணியாளர். கூஸ்கூஸ் என்பது கோதுமை ரவையை உருட்டினது. அந்தத் தம்பி மேல் கோபமில்லை, அவருக்கு யாரும் சொல்லித்தரவில்லை. அன்றைக்கு மகள் வெறும் எலுமிச்சைத் துண்டை உப்புத் தொட்டுச் சாப்பிட்டாள்.

எங்கள் மேல்மாடியில் லெபனானின் பெக்கா பள்ளத்தாக்கிலுள்ள சஹ்லே ஊர்க்காரக் குடும்பம் இருக்கிறது. அந்த வீட்டுக்காரரின் அம்மா குளிர்காலத்தில் வந்து மூன்று மாதம் தங்குவார். லெபனான் வழக்கில் பாட்டியைத் தேத்தா என்பார்கள், என் மகளுக்கும் அவர் தேத்தாதான். நோயைப் பற்றி அவருடைய மருமகள் மொழிபெயர்த்துச் சொன்னதும் கையை வீசி, 'பலா புர்குல்' என்றார். புர்குல் இல்லாமல் செய்துவிட்டால் போயிற்று, இதற்கு ஏன் முகத்தைத் தொங்கப்போடுகிறாய் என்று கேட்டார். 'இது பக்தூனிஸ் சாலட். கோதுமைச் சாலட் என்று உனக்கு யார் சொன்னது?'

பக்தூனிஸ் என்றால் பார்ஸ்லி, பார்வைக்குக் கொத்தமல்லி மாதிரி இருக்கும் இலை, அதுவும் தட்டை இலை பார்ஸ்லி. சுருட்டை இலை அலங்காரத்துக்குத்தான் ஆகும், வாயில் வைத்தால் முரடு.

அவர் தபூலே செய்வதைப் பக்கத்தில் இருந்து பார்த்தவள் நான். முதல் நாள் ராத்திரியே மூன்று பெரிய கட்டு பார்ஸ்லியை நாலு தண்ணீரில் அலசி, பருத்தித் துணியில் சுற்றி வைத்துவிடுவார். காலையில் இலை காய்ந்து சலசலக்க வேண்டும், ஈரம் இருந்தால் நறுக்கும்போதே கூழாகிவிடும். நம் வீட்டில் கீரை ஆய்வது போலவே உட்கார்ந்து ஆய்வார், கதை பேசிக்கொண்டே. பிறகு ஒரு கைப்பிடி இலையை இறுக்கி அடுக்கி, நல்ல கூர்க் கத்தியால் மெல்லிசாக ஒரே வெட்டு. வெட்டினதை மறுபடி கத்தியால் கொத்தக் கூடாது. கொத்தினால் சாறு இறங்கி இலை கறுத்துக் கசக்கும். மிக்ஸியில் ஒரு சுற்று விடலாமா என்று முதல் வருடம் கேட்டேன். பொங்கலுக்குக் குக்கர் பாயசம் வைக்கலாமா என்று கேட்ட மருமகளை என் மாமியார் பார்த்த பார்வை எனக்குத் தெரியும், அதே பார்வைதான். புதினா கடைசியில், ஏனென்றால் அது சீக்கிரம் கறுக்கும். வெங்காயத்தைப் பொடியாக அரிந்து உப்பும் பஹார் என்ற மசாலாப் பொடியும் போட்டு விரலால் பிசறி வைப்பார், காரம் அடங்கிவிடும். தக்காளி, எலுமிச்சை, ஆலிவ் எண்ணெய். பரிமாறும்போதுதான் எல்லாம் ஒன்று சேரும். கரண்டி கிடையாது, நீளமான லெட்டூஸ் இலையிலோ முட்டைக்கோஸ் இலையிலோ அள்ளிச் சாப்பிடுவது. எடுத்து வாயில் வைத்ததும் 'சஹ்தேன்!' என்பார், இரண்டு மடங்கு ஆரோக்கியம் உனக்கு என்று பொருள்.

இதில் புர்குலுக்கு என்ன வேலை? ஆக மெல்லிசு ரகத்தை, வேகவைக்காமல், தண்ணீரில்கூட ஊறவைக்காமல், பாத்திரத்தின் அடியில் போட்டு மேலே தக்காளியைக் கொட்டுவார். தக்காளிச் சாறையும் எலுமிச்சையையும் குடித்து அது மெத்தென்று ஆகும். சாறு தட்டில் தேங்காமல் பார்த்துக்கொள்வதும் பல்லுக்கு அங்கங்கே ஒரு சின்ன கடி கொடுப்பதும்தான் அதன் உத்தியோகம்.

இங்கேதான் என் கோபம். சமையல் குறிப்பு எழுதுகிறவர்கள் 'புர்குலுக்குப் பதில் என்ன?' என்று கேட்டுவிட்டு, இரண்டு கப் கினோவாவோடு வந்து நிற்கிறார்கள். எடுத்தது ஒரு பிடி, வைத்தது ஒரு குவியல். கோதுமை போனதால் தபூலே கெடுவதில்லை, பதிலுக்கு வந்தது இடத்தைப் பிடித்துக்கொள்வதால் கெடுகிறது. கினோவா மேல் எனக்குத் தனிப்பட்ட விரோதம் இல்லை. ஆண்டிஸ் மலையில் அவர்கள் சூப்பாகச் செய்யும்போது அருமையான தானியம். ஆனால் வெந்த கினோவா வழுக்கு வழுக்கென்று குட்டிக் குட்டி உருண்டையாக நிற்கும், ஏற்கனவே தண்ணீர் குடித்து வயிறு நிறைந்ததால் தக்காளிச் சாற்றை ஏறெடுத்தும் பார்க்காது. சரியாக அலசவில்லையென்றால் கசப்பு வேறு. துருவிய காலிஃபிளவர் பச்சை வாடை அடிக்கும், உப்புப் பட்டதும் தண்ணீர் விடும். சாறை உறிஞ்ச வேண்டிய ஆளே சாறு விட்டால் எப்படி?

தேத்தாவின் முதல் 'பலா புர்குல்' தபூலேயில் ஒரு குறைதான், அடியில் குளம். அடுத்த முறை அவரே தக்காளியை விதை நீக்கி, உப்புப் போட்டுச் சல்லடையில் கால் மணி நேரம் வடியவிட்டார், சரியாகிவிட்டது. வடிந்த சாறை அவர் குடித்துவிட்டார். சும்மா விடுவாரா.

அந்தக் கடி மட்டும் பாக்கி இருந்தது. ஒரு நாள் அவர் சின்ன வயதில் சஹ்லேயில் புர்குல் செய்வதைப் பற்றிச் சொன்னார். கோடையின் கடைசியில் பெரிய அண்டாவில் கோதுமையை அவித்து, மொட்டைமாடியில் நாள்கணக்கில் காயப்போட்டு, ஆலைக்குக் கொண்டுபோய் உடைத்து, பருசு, மெல்லிசு என்று சலித்துப் பிரிப்பார்களாம். அவித்த கோதுமையில் பிள்ளைகளுக்கு ஆளுக்கொரு கிண்ணம் சர்க்கரை தூவிக் கிடைக்குமாம். கேட்டுக்கொண்டே இருந்தவள் சட்டென்று சிரித்துவிட்டேன். அவித்து, காயவைத்து... இது புழுங்கல் இல்லையா! எங்கள் தஞ்சாவூர்ப் பக்கத்தில் நெல்லுக்குச் செய்வதை அவர்கள் கோதுமைக்குச் செய்கிறார்கள். அப்படியானால் பதிலை ஆண்டிஸ் மலையில் தேடுவானேன், என் வீட்டு அரிசி டப்பாவில்தான் இருக்கிறது.

புழுங்கல் அரிசியைக் கழுவி, துணியில் உலர்த்தி, மிக்ஸியில் விட்டு விட்டுச் சுற்றி, மாவைச் சலித்துத் தள்ளிவிட்டால் வரும் குருணைதான் எங்கள் வீட்டு புர்குல். வெந்நீரில் கால் மணி நேரம் ஊறவைத்து, வடித்து, இட்லித் தட்டில் துணி போட்டுப் பத்து நிமிடம் ஆவி காட்டி, தாம்பாளத்தில் பரப்பி ஆறவிட வேண்டும். உதிரி உதிரியாக வரும். மூன்று கட்டு பார்ஸ்லிக்கு மூன்று மேசைக்கரண்டி, அதற்கு மேல் போனால் நீங்கள் எலுமிச்சைச் சாதம் செய்கிறீர்கள். கோதுமையின் அந்த வாசம் இதற்கு வராது என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஃப்ரிட்ஜில் வைத்தால் மறுநாள் கல்லாகிவிடும், அன்றன்றைக்குச் செய்வதுதான். கடை இட்லி ரவையும் புழுங்கல் அரிசிதான், ஆனால் கோதுமை அரைக்கும் அதே இயந்திரத்தில் அரைத்ததாக இருந்தால் பயனில்லை, பாக்கெட்டைப் படித்துவிட்டு வாங்குங்கள். பாக்கெட்டில் வெறும் 'ரவை' என்று இருந்தால் அது கோதுமை.

படிக்கச் சொன்னதும் இன்னும் இரண்டு நினைவுக்கு வருகிறது. ஃப்ரீக்கே என்று ஒன்று விற்கிறார்கள், பச்சையாக இருப்பதால் ஏதோ பருப்பு என்று நினைத்து வாங்காதீர்கள், அது பால் முற்றாத கோதுமையைத் தீயில் வாட்டினது. சாஅத்தர் என்ற மூலிகைப் பொடியில், மலிவான ரகங்களிலும் வறுத்த கோதுமை கலப்பதுண்டு. இங்கே லெபனான்காரர்களை மட்டும் சொல்லிவிட முடியாது. நம் கூட்டுப் பெருங்காயத்தூளில் பல பிராண்டுகளில் கோதுமை மாவோ மைதாவோ இருக்கிறது. அரிசிச் சோறும் சாம்பாரும்தானே என்று நான் நிம்மதியாக ஊட்டிய முதல் மாதம் முழுக்க என் மகள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு கிடந்ததற்கு அந்தக் கால் சிட்டிகையும் ஒரு காரணம்.

'புர்குல் இல்லாமல் அதைத் தபூலே என்று சொல்லவே கூடாது' என்று ஒரு நண்பர் போன பதிவில் சண்டைக்கு வந்தார். லெபனானில் 2001 முதல் ஜூலை முதல் சனிக்கிழமையைத் தபூலே தினமாகவே கொண்டாடுகிறார்கள், ஆகவே அந்த ரோஷம் எனக்குப் புரிகிறது. ஆனால் தபூலே என்ற பெயர் அரபியில் மசாலாவை, சுவையூட்டுவதைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது, அதில் கோதுமையே இல்லை. பிரான்சில் பார்ஸ்லியைப் பேருக்குக் கிள்ளிப் போட்டு, கிண்ணம் நிறைய கூஸ்கூஸைக் கொட்டி, டப்பாவில் அடைத்து, 'தபூலே' என்று சூப்பர்மார்க்கெட்டில் விற்கிறார்கள். அவர்களை விட்டுவிட்டு, மூன்று கட்டு இலையை முழுசாக வைத்துக்கொண்டு ஒரு பிடியை மட்டும் மாற்றின ஏழு வயதுக்காரியிடம் ஏன் பெயரைப் பிடுங்க வருகிறீர்கள்? எனக்கு இதில் தேத்தாவின் தீர்ப்பே போதும். அரிசிக் குருணை தபூலேவை லெட்டூஸில் அள்ளி வாயில் வைத்து, கொஞ்சம் மென்று, 'எலுமிச்சை போதாது' என்றார். வேறெதுவும் சொல்லவில்லை. இரண்டாவது இலையை எடுத்துக்கொண்டார்.

அடுத்த மாதம் விடுமுறைக்கு ஊருக்கு வருகிறோம். அக்கா வீட்டில் செய்து காட்ட வேண்டும் என்று மகள் இப்போதே சொல்லி வைத்திருக்கிறாள். சென்னையில் தட்டை இலை பார்ஸ்லி கட்டுக்கட்டாக எங்கே கிடைக்கும், தெரிந்தவர்கள் சொல்லுங்கள். எனக்குக் கோயம்பேட்டில் போன தடவை சுருட்டைதான் கிடைத்தது. கொத்தமல்லி போட்டுச் செய்யுங்கள் என்று யாரும் எழுத வேண்டாம், தேத்தாவுக்கு மொழிபெயர்த்துச் சொல்லும் தைரியம் எனக்கு இல்லை.