வீட்டுக்கு ஸ்டே உண்டு, மழைக்கு ஸ்டே இல்லை

காரைக்குடி, தேவகோட்டைப் பக்கம் பூட்டிக் கிடக்கும் பெரிய வீட்டைக் காட்டி "ஏன் இப்படி?" என்று கேட்டால், "கேஸ்ல இருக்கு" என்பார்கள். கேட்டவரும் அத்தோடு விட்டுவிடுவார். பெரும்பாலும் பங்காளிகளுக்குள் பாகப்பிரிவினை வழக்கு, அதில் யாரோ ஒருவர் கோர்ட்டில் வாங்கி வைத்த இடைக்காலத் தடை, பேச்சு வழக்கில் ஸ்டே.

தடை வாங்குவதே தப்பு என்று சொல்ல வரவில்லை. பர்மா தேக்குத் தூணுக்கும் நிலைக்கதவுக்கும் பழம்பொருள் கடையில் என்ன மதிப்பு என்று எல்லாருக்கும் தெரியும். சிங்கப்பூரில் இருக்கும் பங்காளிக்குச் சொல்லாமல் ஊரில் இருப்பவர் முகப்பில் லாரியை நிறுத்திவிட்டால், தூண் போன பிறகு தீர்ப்பு வந்து என்ன செய்ய? உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 39-வது கட்டளை இருப்பதே இதற்காகத்தான். வழக்கில் முகாந்திரம் இருக்கிறதா, தடை கொடுத்தால் யாருக்குச் சங்கடம் அதிகம், கொடுக்காவிட்டால் ஈடுகட்ட முடியாத நஷ்டம் வருமா என்று பார்த்துக் கொடுப்பார்கள்.

பெண் பிள்ளைகளுக்கு இதைவிட்டால் வேறு பிடிமானமும் இல்லை. வீட்டுப் பெண்ணைப் பற்றி "ஆச்சிக்குத்தான் கல்யாணத்தில் எல்லாம் செஞ்சாச்சே" என்று இன்னமும் பேசுகிறோம். பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான பங்கு என்று இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தம் சொல்லிவிட்டது. திருத்தம் வந்த அன்று அப்பச்சி (அப்பா) உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-ல் உச்ச நீதிமன்றமும் தெளிவாக்கிவிட்டது. அண்ணன் தம்பிகள் அவசரமாகக் கிரயம் பேசும்போது அந்தப் பெண் கோர்ட்டுக்குப் போகாமல் எங்கே போவார்?

என் கோபமெல்லாம் தடை கிடைத்த பிறகு நடப்பதில்தான். "தற்போதைய நிலை நீடிக்க வேண்டும்" என்று உத்தரவு வரும். விற்காதே, இடிக்காதே, மாற்றாதே. சரி, கூரையில் உடைந்த ஓடுகளை யார் மாற்றுவது? அதைப் பற்றி ஒரு வரி இருக்காது. ஏறி மாற்றினால் எதிர்த்தரப்பு போட்டோ எடுத்து, உத்தரவை மீறினார் என்று மனுப் போடும். மீறல் நிரூபணமானால் சொத்து ஜப்தி, மூன்று மாதம் வரை சிவில் சிறை. யார் ஏறுவார்கள்? ஐப்பசி மழை ஓட்டுச் சந்தில் இறங்கி உத்தரத்தை ஊறவைக்கும், பின்னாலேயே கரையான் வரும். வழக்கு முடியும்போது பிரிப்பதற்கு மனையடி மட்டும் மிஞ்சும்.

இதைத் தெரிந்தே செய்பவர்களும் உண்டு. வாய்தா வாங்கி வாங்கி இழுத்து, எதிராளி சலித்துப்போய் வந்த விலைக்குப் பங்கை எழுதிக் கொடுக்கட்டும் என்று காத்திருப்பார்கள். இவர்களுக்கு வீடு இடிவதும் லாபம்தான்.

சட்டத்தில் வழியே இல்லையா என்றால், இருக்கிறது. எதிர்த்தரப்பைக் கேட்காமல் கொடுத்த தடையென்றால், அந்த மனுவை 30 நாளில் முடிக்க முயல வேண்டும், முடியாவிட்டால் காரணம் எழுத வேண்டும் என்பது விதி. அது நடக்காதபோது பாதிக்கப்பட்டவர் மேல்முறையீட்டுக்குப் போகலாம் என்று உச்ச நீதிமன்றம் 2000-லேயே சொல்லியிருக்கிறது. உத்தரவை மாற்றிக் கேட்கவும் அதே கட்டளையில் இடமுண்டு. கோர்ட் நியமிக்கும் வக்கீல், அதாவது அட்வகேட் கமிஷனர், வந்து பார்க்கட்டும், ஓடு மாற்றவும் மழைநீர் வடியவும் மட்டும் அனுமதி வேண்டும், செலவைக் கடைசியில் அவரவர் பங்கில் கழித்துக்கொள்ளலாம் என்று மனுப் போடலாம். தடை கேட்கிறவரே முதல் மனுவிலேயே இதைச் சேர்த்துக் கேட்டால் இன்னும் நல்லது. வக்கீல்கள் சொல்ல மாட்டார்கள், நாம்தான் கேட்க வேண்டும். (வக்கீல் நண்பர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம், உங்களில் சொல்கிறவர்களும் உண்டு.)

முன்னோருக்குப் படையலிடும் படைப்புக்கு ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிடும் பங்காளிகள், ஓடு மாற்ற ஒரு கூட்டு மனுவில் கையெழுத்துப் போடுவதற்கு மட்டும் கௌரவம் பார்க்கிறோம். போடுவதென்றால் மே மாத விடுமுறைக்கு முன்னாலேயே போட்டுவிடுங்கள். கோர்ட் திறந்து, கமிஷனர் வந்து பார்த்து, அறிக்கை கொடுத்து, கொத்தனார் கிடைத்து ஓட்டில் ஏறுவதற்குள் ஆவணி ஆகிவிடும்.